பலாச்சுளை உரித்த விரலில் சுகர் பார்க்கலாமா?

புதுக்கோட்டை மாவட்டத்து ஆலங்குடியைத் தாண்டி வடகாடு, கீரமங்கலம் பக்கம் போனால், சித்திரை பிறந்ததிலிருந்து ஆனி முடியும்வரை சாலையோரமெல்லாம் பலாப்பழம்தான். அப்படியொரு வைகாசி மாதத்தில், உறவுக்காரப் பெரியம்மா ஒருவர் வீட்டுத் திண்ணையில் நடந்தது இது. மத்தியானத்திலிருந்து கையில் எண்ணெய் தடவிக்கொண்டு பேரப்பிள்ளைகளுக்குச் சுளை எடுத்துக் கொடுத்தவர், சாயங்காலம் விரலை ஸ்பிரிட் பஞ்சால் துடைத்துவிட்டுக் குத்திப் பார்த்தார். மெஷின் 312 என்றது.

“ஒரு சுளைகூட வாயில வைக்கலப்பா, சத்தியமா” என்றார். கண் கலங்கிவிட்டது. “மெஷின் பழசாப் போச்சும்மா” என்றான் மகன். குழாயடிக்குப் போய் சோப்புப் போட்டுக் கைகழுவி, துண்டில் ஈரம் போகத் துடைத்துவிட்டு வரச் சொன்னேன். வேறு விரலில் குத்தியபோது 151. பெரியம்மாவும் பொய் சொல்லவில்லை, மெஷினும் பழுதாகவில்லை. விரலில் பலாச்சாறு ஒட்டியிருந்தது, அவ்வளவுதான்.

மெஷினில் செருகும் இன்றைய ஸ்ட்ரிப்புகளில் பல, அரை மைக்ரோலிட்டர் அளவு ரத்தத்தையே உறிஞ்சுகின்றன. சர்க்கரை 100 இருக்கும் ஒருவரின் ரத்தத்தில் அந்த அளவுக்குள் இருக்கும் குளுக்கோஸ், ஒரு கிராமில் இருபது லட்சத்தில் ஒரு பங்கு. விரலில் இன்னொரு அவ்வளவு குளுக்கோஸ் ஒட்டியிருந்தால் போதும், 100 என்பது 200 ஆகிவிடும். ஸ்ட்ரிப்பில் தடவியிருக்கும் நொதி குளுக்கோஸோடு வினைபுரியும்போது உண்டாகும் சிறு மின்னோட்டத்தைத்தான் மெஷின் அளக்கிறது. 1962-ல் அமெரிக்காவின் லேலண்ட் கிளார்க் முன்வைத்த யோசனையின் வழிவந்தது இது. வருவது ரத்தத்துச் சர்க்கரையா, பழத்துச் சர்க்கரையா என்று பிரித்துப் பார்க்க அதற்குத் தெரியாது.

ஜப்பானிய மருத்துவர்கள் இதைச் சோதித்து 2011-ல் வெளியிட்டார்கள். ஆரஞ்சு, திராட்சை, கிவி உரித்த கையோடு குத்தியபோது அளவு எகிறியது. ஸ்பிரிட் பஞ்சால் ஐந்து முறை துடைத்தும் முழுதாகச் சரியாகவில்லை. குழாய்த் தண்ணீரில் கழுவியதும் சரியாகிவிட்டது. ஸ்பிரிட் போட்டால் போதும் என்ற நம்பிக்கை நம் வீடுகளில் அத்தனை ஆழமாக இருப்பதால் இதை அழுத்திச் சொல்கிறேன்: முதலில் தண்ணீர். கழுவிய கையில் ஈரமும் நிற்கக்கூடாது. தண்ணீர் கலந்த ரத்தம் அளவைக் குறைத்துக் காட்டும்.

ரத்தம் வரவில்லை என்று விரலைப் பிதுக்குவது அடுத்த தவறு. பிதுக்கினால் சதையிலிருக்கும் நீரும் சேர்ந்து வரும், எண் மாறும். கையை வெதுவெதுப்பான நீரில் கழுவி, சற்று நேரம் கீழே தொங்கவிட்டால் ரத்தம் தானாக இறங்கும். நுனியின் நடுவில் குத்தாமல் பக்கவாட்டில் குத்துங்கள். அங்கே வலி குறைவு.

ஸ்ட்ரிப் டப்பாவைப் பாருங்கள். பெரும்பாலானவற்றில் 30 டிகிரிக்குள் வைக்கவேண்டும் என்றிருக்கும். புதுக்கோட்டை வெயிலில், ஆஸ்பெஸ்டாஸ் கூரைக்குக் கீழே, டிவி பெட்டியின் மேல் அதை வைத்தால் என்ன ஆகும்? நொதி கெடும். அதற்காக ஃப்ரிட்ஜில் வைப்பதும் சரியல்ல, வெளியே எடுத்ததும் வியர்க்கும். வீட்டில் குளிர்ச்சியான மூலையில், அதே டப்பாவில், மூடியை இறுக்கி வையுங்கள். திறந்த தேதியை டப்பாவின் மேலேயே எழுதிவிடுங்கள். திறந்தபின் எத்தனை மாதம் தாங்கும் என்று அதிலேயே அச்சிட்டிருப்பார்கள்.

இந்த மாவட்டத்தில் இன்னொரு குழப்பமும் உண்டு. சிங்கப்பூரிலோ மலேசியாவிலோ வேலை பார்க்கும் பிள்ளை அன்போடு வாங்கிவந்த மெஷின் 8.2 என்று காட்டும். இங்கே நாம் பேசுவது மில்லிகிராம் கணக்கு, அங்கே மில்லிமோல். 18-ஆல் பெருக்கினால் நம் கணக்கு வந்துவிடும். 8.2 என்பது ஏறத்தாழ 148. எட்டுதானே என்று நிம்மதியாக இருந்துவிடவும் வேண்டாம், எட்டாகக் குறைந்துவிட்டதே என்று சர்க்கரையை அள்ளிப் போட்டுக்கொள்ளவும் வேண்டாம்.

மெஷினுக்கே உரிய எல்லையும் உண்டு. ஐஎஸ்ஓ தரவிதிப்படி, சர்க்கரை 100-க்கு மேல் இருக்கும்போது 15 சதவீதம் கூடவோ குறையவோ காட்டுவது ஏற்கத்தக்கது. ஆய்வகத்தில் 200 என்றால் வீட்டில் 170-ம் வரலாம், 230-ம் வரலாம். ஆகவே இரண்டு விரலில் இரண்டு எண் வந்தால் மெஷினைத் தூக்கிப் போடவேண்டியதில்லை. ரத்தசோகை இருந்தால் பல மெஷின்கள் கூட்டிக் காட்டும். 2019-21 தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பில், தமிழ்நாட்டில் 15 முதல் 49 வயதுப் பெண்களில் பாதிக்கு மேற்பட்டோருக்கு ரத்தசோகை இருந்தது. நம் பெண்களுக்கு இது சின்ன விஷயமல்ல. ஹீமோகுளோபின் அளவையும் பார்த்து மருத்துவரிடம் சொல்லிவையுங்கள்.

எனக்கு எல்லாவற்றையும்விடக் கவலை தருவது, ஒரு தெருவுக்கே ஒரு மெஷின் என்ற வழக்கம். ஸ்ட்ரிப்பை மாற்றுகிறார்கள், விரலில் குத்தும் பேனாவிலிருக்கும் ஊசியை மாற்றுவதில்லை. ஹெபடைடிஸ்-பி கிருமி காய்ந்த ரத்தத்திலும் ஏழு நாள் உயிரோடிருக்கும். புருஷன் பெண்டாட்டியாக இருந்தாலும் ஊசியும் பேனாவும் தனித்தனியாகத்தான் இருக்கவேண்டும். குத்திய ஊசியைக் குப்பையில் வீசினால் அது தூய்மைப் பணியாளரின் கையில் ஏறும். கெட்டியான பிளாஸ்டிக் டப்பாவில் சேர்த்து மூடிவைத்து, எங்கே ஒப்படைப்பது என்று கிராம சுகாதாரச் செவிலியரிடம் கேளுங்கள். 2021 ஆகஸ்டில் தொடங்கிய ‘மக்களைத் தேடி மருத்துவம்’ திட்டத்தில் வீட்டுக்கே வந்து சுகர் பார்க்கிறார்கள். மெஷின் வாங்க வசதியில்லாதவர்கள் பக்கத்து வீட்டு ஊசிக்கு விரலை நீட்டவேண்டிய தேவையே இல்லை.

மறுபடி பெரியம்மாவிடம் வருகிறேன். அந்த 312-ஐ நம்பி அன்றிரவு ஒரு மாத்திரை கூடுதலாகப் போட்டிருந்தாலோ, இன்சுலினை ஏற்றியிருந்தாலோ, விடியற்காலையில் வியர்த்துக் கொட்டி, கை நடுங்கி, நினைவு தப்பியிருக்கலாம். திடுக்கிடும் எண் வந்தால் கையைக் கழுவி மறுபடி பாருங்கள். அப்போதும் அப்படியே இருந்தால் மருத்துவரைக் கேளுங்கள், மருந்தளவை நீங்களே கூட்டாதீர்கள். 70-க்குக் கீழே போனாலோ, மெஷின் எதைக் காட்டினாலும் வியர்வையும் நடுக்கமும் படபடப்பும் இருந்தாலோ, முதலில் மூன்று தேக்கரண்டி சர்க்கரையைக் கரைத்துக் குடியுங்கள். கால்மணி நேரம் கழித்து, கழுவிய விரலில் மறுபடி குத்திப் பாருங்கள்.