பாலித் தீவில் ஒரு பகல்

காலை எட்டு மணிக்குக் கார் வாசலில் வந்து நின்றுவிடும். தயாராக இருங்கள்! கைப்பையில் இரண்டு சாமான்கள் மறக்காமல் இருக்கட்டும். ஒன்று, சால்வை. கடற்கரையில் வியர்த்து வழிகிறதே என்று அலட்சியமாக இருந்துவிடாதீர்கள். மத்தியானத்துக்குள் நாம் சுமார் 1,400 மீட்டர் உயரத்தில் நின்றுகொண்டிருப்போம், அங்கே காற்று உடம்பைக் குத்தும். இன்னொன்று, மாற்று உடை. ஏன் என்பது வழியில் தெரியும்.

இந்தோனேஷியாவைச் சேர்ந்தது பாலித் தீவு. முஸ்லிம்கள் மிகப் பெரும்பான்மையாக உள்ள அந்தத் தேசத்தில், இந்தச் சின்னத் தீவில் மட்டும் ஹிந்துக்களே பெரும்பாலோர். தென்கரையிலுள்ள ஓட்டல்களிலிருந்து வடக்கே கின்தாமணி என்ற மலைப் பிரதேசத்துக்குப் போய்த் திரும்புவது, அங்கே வரும் பிரயாணிகள் பெரும்பாலும் செய்யும் ஒரு நாள் யாத்திரை. (பெயரைக் கேட்டதும் உங்களுக்குச் சிந்தாமணி நினைவு வந்திருக்குமே!) வழிகாட்டி ஒருவர் கூடவே வருவார். நாட்டியம், தீர்த்தம், எரிமலை, வயல்வெளி என்று எல்லாவற்றையும் ஒரே பகலில் காட்டிவிட்டு, விளக்கு வைக்கும் நேரத்துக்குத் திரும்பக் கொண்டுவந்து விட்டுவிடுவார்.

காரில் ஏறுமுன் காலடியைப் பார்த்து வையுங்கள். வாசற்படியில் உள்ளங்கை அகலத்தில் குருத்தோலைத் தட்டு ஒன்று இருக்கும். அதற்கு 'சானாங் சாரி' என்று பெயர். கிழக்கே வெள்ளைப் பூ, தெற்கே சிவப்பு, மேற்கே மஞ்சள், வடக்கே நீலம் அல்லது பச்சை. பக்கத்தில் புகையும் ஊதுவத்தி. பூக்களுக்கு அடியில் என்ன இருக்கிறது தெரியுமா? வெற்றிலை, பாக்கு, சுண்ணாம்பு! நம் வீட்டுத் தாம்பூலத்தைச் சிட்டிகையளவாகச் சுருக்கி மடித்து வைத்த மாதிரி. இதை வைப்பது பெரும்பாலும் வீட்டுப் பெண்கள். தினமும், வாசலில், கிணற்றடியில், கடை முகப்பில், மோட்டார் சைக்கிளின் மேலேகூட வைப்பார்கள். சோறு வடித்தவுடன் வீட்டார் வாயில் ஒரு கவளம் போவதற்கு முன்னால், துண்டு வாழையிலைகளில் இரண்டு பருக்கை வைத்து அடுப்புக்கும் தண்ணீர்ப் பானைக்கும் படைப்பதும் உண்டு. காக்கைக்குச் சோறு வைத்துவிட்டு இலை போடும் நமக்கு இது ஒன்றும் புதுமையாகத் தோன்றாது. இந்தச் சின்னத் தட்டை மட்டும் ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள். அந்தத் தீவின் எரிமலைக் கதை முழுவதும் இதிலேதான் அடங்கியிருக்கிறது.

வழிகாட்டியின் பெயர் வாயான் என்றோ மாடே என்றோ இருந்தால், "எனக்குத் தெரிந்த இன்னொரு வாயான்கூட..." என்று பேச்சை ஆரம்பித்துவிடாதீர்கள். முதல் குழந்தை வாயான், இரண்டாவது மாடே, மூன்றாவது நியோமான், நான்காவது கெதுட். ஐந்தாவது பிறந்தால் மறுபடியும் வாயான்தான்! ஆண், பெண் வித்தியாசமும் கிடையாது. உயர்குலத்தாருக்கு வேறு பெயர்கள் உண்டு என்றாலும், தெருவில் நின்று "வாயான்!" என்று ஒரு குரல் கொடுத்தால் எத்தனை பேர் திரும்பிப் பார்ப்பார்களோ!

முதலில் பத்துபூலான் கிராமம். அங்கே காலை வேளையில் பாரோங் நாட்டியம் நடக்கும். பாரோங் என்பது சிங்க முகமும் ஜடாமுடியும் கொண்ட காவல் மிருகம். உள்ளே இரண்டு ஆட்கள் நின்று ஆட்டுகிறார்கள். அதை எதிர்த்து வருகிறவள் ரங்டா. கோரைப்பல், தொங்கும் நாக்கு, நீண்ட நகம். அவளுடைய மாயத்தால் மதி கலங்கியவர்கள் குத்துவாளைத் தங்கள் மார்பிலேயே பாய்ச்சிக் கொள்வார்கள். பாரோங்கின் சக்தியால் வாள் இறங்காது. நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் 'ரங்டா' என்ற சொல்லுக்கு அர்த்தம் கேட்டேனோ, மனசுக்குக் கஷ்டமாகிவிட்டது. விதவை என்று பொருளாம்! அவளோடு சேர்த்துச் சொல்லப்படும் பழங்கதையில், தாய்க்குப் பயந்து ஒருவரும் அவள் மகளைக் கல்யாணம் செய்துகொள்ள முன்வரவில்லை. அந்தக் கோபத்தில்தான் அவள் ஊரின்மேல் கொள்ளை நோயை ஏவுகிறாள். பெண்ணைப் பெற்ற ஒரு தனி ஸ்திரீயின் வயிற்றெரிச்சல் என்று யாராவது அதை ஆடிக் காட்டினால் தேவலை.

அப்புறம் வெள்ளிச் சாமான் செய்யும் செலுக், மரச்சிற்பம் செதுக்கும் மாஸ். கைவேலை அபாரம். ஆனால் கார் எந்தக் கடை வாசலில் நிற்க வேண்டும் என்பதை ஊரின் பெருமை மட்டும் தீர்மானிப்பதில்லை! பார்த்துவிட்டுப் புறப்படுங்கள்.

தம்பாக்சிரிங்கில் இறங்கினால் மாற்று உடைக்கு வேலை வந்துவிடும். அங்கேதான் 'தீர்த்த எம்புல்' கோயில் இருக்கிறது. மணலைக் கொப்பளித்துக்கொண்டு ஊற்று பொங்கும் குளம்; அதன் நீர் வரிசையாகக் கல் தாரைகளின் வழியே நீராடும் குளத்தில் விழுகிறது. கி.பி. 962-ஆம் வருஷத்துக் கல்வெட்டு ஒன்று இந்தத் தீர்த்தத்தைப் பற்றிச் சொல்கிறது. கைலி உடுத்தி, இடுப்பில் கச்சை கட்டாமல் உள்ளே விடமாட்டார்கள். அதை வாசலிலேயே கொடுப்பார்கள். வீட்டு விலக்கான பெண்கள் பிரவேசிக்கலாகாது என்று அறிவிப்புப் பலகையும் உண்டு. அது சரியா தப்பா என்று வாதாட இது இடமில்லை; தேதி பார்த்துக்கொண்டு போவது உசிதம், அவ்வளவுதான். ஒவ்வொரு தாரையின் கீழும் தலையைக் காட்டிக்கொண்டே நகரும்போது இரண்டு தாரைகளை மட்டும் வழிகாட்டி தாண்டச் சொல்வார். அவை இறந்தவர்களின் சடங்குக்கு உரியவை. கோயில் பலகையில் பாலி எழுத்துக்களைப் பார்த்தால் ஏதோ பழகின முகம் போலத் தோன்றும். தோன்றத்தான் செய்யும், பல்லவர் எழுத்தின் வம்சம் அது.

உடை மாற்றிக்கொண்டு ஏறுங்கள். இனி மேலேதான் பாதை. ஆரஞ்சுத் தோட்டங்களும் காப்பித் தோட்டங்களும் ஓடி மறையும். பெனெலோகான் என்ற இடத்தில் கார் நிற்கும். 'பார்க்கும் இடம்' என்றே அந்தப் பெயருக்கு அர்த்தம்.

பார்த்தால்... அப்பாடி! காலடியில் பூமி திடீரென்று இல்லை. ராட்சச வாணலி ஒன்றைக் கவனியுங்கள்: குறுக்கே பத்து கிலோமீட்டருக்கு மேல். சுமார் 29,000 ஆண்டுகளுக்கு முன் மகா பெரிய எரிமலை ஒன்று வெடித்து, வயிற்றில் இருந்ததையெல்லாம் கக்கிவிட்டுத் தனக்குள்ளேயே இடிந்து விழுந்ததில் உண்டான பள்ளம் அது. நாம் நிற்பது அந்த வாணலியின் விளிம்பில். நடுவே 1,717 மீட்டர் உயரத்தில் பாதூர் எரிமலை. அதன் சரிவில் காய்ந்த தாரைக் கொட்டி வழித்த மாதிரி கருங்குழம்பு உறைந்து கிடக்கிறது. ஒரு பக்கம் பிறை வடிவில் ஏரி, கரையில் வெங்காயப் பாத்திகள், வீடுகள். ஆம், வாணலிக்கு உள்ளேயே வீடுகள்!

சாப்பாடு இங்கேதான். ஏரியில் பிடித்த மீன் விசேஷம். நம் ஊர் ஜிலேபிக் கெண்டைதான். சைவக்காரர்களுக்கு டெம்பே என்ற புளிக்கவைத்த சோயா வில்லையும் வேர்க்கடலைச் சட்னி ஊற்றின காய்கறியும் கிடைக்கும். ஹிந்துக்கள் ஊராயிற்றே என்று எதையும் விசாரிக்காமல் இலையில் வாங்கிக்கொள்ளாதீர்கள்; பன்றி இறைச்சி அங்கே விழாச் சாப்பாடு.

சாப்பிட்டுக்கொண்டே அந்தக் கருங்குழம்பைப் பாருங்கள். அதன் அடியில் ஒரு கிராமம் புதைந்து கிடக்கிறது.

பாதூர் கிராமம் முன்னே எரிமலையின் அடிவாரத்திலேயே இருந்தது. 1917-இல் பூகம்பமும் எரிமலையும் சேர்ந்து தீவையே கலக்கின. ஆயிரத்துக்கு மேற்பட்டோர் மாண்டார்கள். நெருப்புக் குழம்பு இறங்கி வந்து, கோயில் வாசல் வரைக்கும் வந்து நின்றுவிட்டது. தெய்வம் தடுத்தது என்று ஜனங்கள் நினைத்தார்கள், அங்கேயே இருந்தார்கள். ஒன்பது வருஷம் கழித்து, 1926-இல், மறுபடியும் குழம்பு வந்தது. இந்தத் தடவை வாசலில் நிற்கவில்லை. வீடுகள், கோயில் எல்லாம் போயின. ஏரி தேவதைக்குரிய பதினோரு அடுக்குக் கூரை கொண்ட மேரு ஒன்று மட்டும் எஞ்சியது. ஊரார் என்ன செய்தார்கள்? தெய்வத்தையும் கோயிலையும் வாணலியின் விளிம்புக்குக் கொண்டுவந்து, அங்கே பழையபடி நிறுவிக்கொண்டார்கள். அதுதான் 'புரா உலுன் டானு பாதூர்'. ஊரைத் தின்ற மலை எதிரே தெரிகிறபடியே, புதிய ஊரும் அதன் பக்கத்தில் எழுந்தது.

வேறு எங்காவது போய்விடக் கூடாதா என்று கேட்பீர்கள். கேட்க வேண்டிய கேள்விதான். விடை அந்த ஏரியில் இருக்கிறது. அதிலிருந்து வெளியே ஓடும் ஆறு ஒன்றுகூடக் கிடையாது. ஆனால் மழை நீரை எரிமலை மண் உறிஞ்சிக்கொண்டு, கீழே ஆயிரம் ஊற்றாக விடுகிறது. அந்த ஊற்றெல்லாம் ஏரியில் உறையும் தேவி டானு கொடுப்பது என்பது பாலி விவசாயிகளின் நம்பிக்கை. காலையில் நாம் நீராடினோமே, அந்தத் தீர்த்தமும் அவள் தந்ததாகவே அவர்களுக்குத் தோன்றுகிறது. நெருப்பு மலைதான் மண்ணுக்கு உரம் போட்டது. அதே மலைதான் தண்ணீரையும் சேர்த்து வைத்திருக்கிறது. அடித்தாலும் அவள் அம்மாதான்!

அந்த அம்மாவின் கோயில் வெறும் பூஜை ஸ்தலமல்ல. வாய்க்காலைப் பங்கிட்டுக்கொள்ளும் விவசாயிகளின் சங்கத்துக்கு 'சுபாக்' என்று பெயர். ஒவ்வொரு சுபாக்குக்கும் நீர்க் கோயில் உண்டு; எந்த வயலுக்கு எப்போது தண்ணீர், எப்போது நடவு, எப்போது தரிசு என்ற ஒழுங்கெல்லாம் அந்தக் கோயில்களில்தான் பேசி முடிவாகும். அவற்றுக்கெல்லாம் தலைமை பாதூர் கோயில். அங்கே பெரிய குருக்கள் காலமானால், தெய்வ ஆவேசம் வந்த ஒரு கன்னிப் பெண் பூசாரி அடுத்தவரைச் சிறு பையனாக இருக்கும்போதே தேர்ந்தெடுப்பது வழக்கம்.

1970-களில் அரசாங்கம் புது ரக நெல்லைக் கொண்டுவந்து, கோயில் முறையைப் பாராமல் விட்டுவிடாமல் சாகுபடி செய்யச் சொல்லிற்று. பலன்? எல்லோரும் ஒரே சமயத்தில் தரிசு விடுவது நின்றுபோகவே, பூச்சிகள் ஒரு வயலில் தின்றுவிட்டு அடுத்த வயலுக்கு விருந்துக்குப் போயின. தண்ணீருக்கும் தகராறு. அமெரிக்க மானிடவியல் அறிஞர் ஸ்டீபன் லான்சிங், இன்னொரு விஞ்ஞானியோடு சேர்ந்து கம்ப்யூட்டரில் கணக்குப் போட்டுப் பார்த்தார். தண்ணீர், பூச்சி இரண்டையும் சமாளிக்கக் கோயில்களின் ஏற்பாடே மிக நல்ல வழியாக வந்தது. 2012-இல் யுனெஸ்கோ, இந்த ஏரியையும் கோயிலையும் சேர்த்து, சுபாக் முறையை உலகப் பாரம்பரியப் பட்டியலில் ஏற்றியது.

மேகம் விலகினால் தென்கிழக்கே இன்னொரு சிகரம் தெரியும். அகுங், 3,000 மீட்டருக்கு மேல் உயரம். அதன் சரிவில்தான் பாலியின் தாய்க் கோயிலான பெசாகி. 1963-இல் அங்கே நூறு வருஷத்துக்கு ஒரு முறை வரும் ஏகதச ருத்ர சாந்தி நடந்துகொண்டிருந்தபோது மலை புகைய ஆரம்பித்தது. விழாவை நிறுத்தவில்லை. மார்ச் 17-ஆம் தேதி பயங்கரமாக வெடித்தது; ஆயிரத்துக்கு மேற்பட்டவர்கள் இறந்தார்கள். குழம்பு கோயிலைத் தொடாமல் ஒதுங்கிப் போயிற்று. 1979-இல் அந்தச் சாந்தியை மறுபடி செய்தார்கள். 2017-இல் அகுங் மீண்டும் சீறியபோது ஒரு லட்சத்துக்கு மேற்பட்டோர் வீடு வாசலை விட்டுப் பாதுகாப்பான இடங்களுக்குப் போனார்கள். கருவிகள் முன்கூட்டி எச்சரித்தன, ஜனங்களும் கிளம்பினார்கள். படையலும் நிற்கவில்லை. ஒன்று இருந்தால் இன்னொன்று எதற்கு என்று அங்கே யாரும் கேட்பதாகத் தெரியவில்லை.

ஏரியின் அக்கரையில் துருன்யான் என்ற ஆதி கிராமம் இருக்கிறது. அங்கே சில பிரேதங்களைத் தகனம் செய்யாமல், மூங்கில் கூண்டுக்குள் மண்ணின் மேலேயே கிடத்துகிறார்கள். பக்கத்திலுள்ள வாசனை மரத்தால் நாற்றமே வராது என்பார்கள். படகு ஏறிப் போய் மண்டையோடுகளைப் படம் பிடித்து வருகிறவர்கள் உண்டு. எனக்கென்னவோ அது பிடிக்கவில்லை. நம்முடைய மயானத்தில் யாராவது காமிராவோடு வந்து நின்றால் சும்மா இருப்போமா?

அதைவிட, பாதூர் கோயில் வாசலில் கால் மணி நேரம் நில்லுங்கள். திருநாளாக இருந்தால் உங்கள் அதிர்ஷ்டம். பாலியில் கோயில் உற்சவங்களில் பல 210 நாளுக்கு ஒரு முறை வருவதால், ஏதாவது ஒரு கோயிலில் விசேஷம் இருந்துகொண்டே இருக்கும். பழமும் பணியாரமும் கோபுரமாக அடுக்கிய படையலைத் தலையில் வைத்துக்கொண்டு, கையால் பிடிக்காமல் பெண்கள் படி ஏறுவார்கள். படம் பிடிக்க எல்லோரும் ஓடுவார்கள். ஆனால் அந்தக் கோபுரத்துக்குப் பின்னால் எத்தனை நாள் ஓலை வெட்டி, மடித்து, மாவு பிசைந்து, விடியுமுன் எழுந்த வேலை இருக்கிறது என்பதைப் படம் காட்டாது. உத்தியோகத்துக்குப் போகும் பெண்கள் இப்போது சந்தையில் செய்து வைத்த தட்டுகளை வாங்கிக்கொள்கிறார்கள். மாமியார் முகம் சுளிக்கிறாளா என்று தெரியாது. சந்தையில் அதைச் செய்து விற்றுப் பிழைப்பவர்களிலும் பெண்கள் நிறைய.

இறங்கும் வழியில் கடைசியாகத் தெகலாலாங். படி படியாக மலைச்சரிவில் நெல் வயல். ஊஞ்சல் கட்டி, நீளப் பாவாடை வாடகைக்குக் கொடுத்து, அந்தரத்தில் ஆடவிட்டுப் படம் எடுக்கிறார்கள். அதற்குக் கூட்டம் எக்கச்சக்கம். சில வரப்புகளில் உண்டியல் வைத்திருப்பார்கள். கோபித்துக்கொள்ளாதீர்கள், போடுங்கள். நெல் விற்ற காசைவிட நிலத்தை ஓட்டலுக்கு விற்ற காசு பெரிதாக இருக்கிற ஊரில், இன்னும் சேற்றில் இறங்குகிறவனுக்கு நாம் கொடுக்கும் சில்லறை அது.

ஊஞ்சலைத் தாண்டிக் கொஞ்சம் கீழே நடந்தால், வாய்க்கால் நீர் முதல் வயலுக்குள் நுழையும் மூலையில் மூங்கில் கால் நட்ட குட்டி மாடம் ஒன்றைப் பார்க்கலாம். அதில் காலையில் நம் வாசற்படியில் பார்த்த மாதிரியே ஒரு குருத்தோலைத் தட்டு. ஊதுவத்தி அணைந்திருக்கும். அடியில் சலசலவென்று தண்ணீர் ஓடிக்கொண்டிருக்கும். அதில் கை வைத்துப் பாருங்கள், ஜில்லென்று இருக்கும். அதற்குள் வழிகாட்டி கைக்கடிகாரத்தைப் பார்க்க ஆரம்பித்துவிடுவார். உபூத் ஊரைத் தாண்டும் வரையில் சாலையில் சரியான நெரிசல். இருட்டுமுன் கிளம்பிவிடுவது நல்லது.