சிவந்து குளிரும் முதிய விண்மீன்கள்

மே மாதம் சேர்வராயன் கோயில் திருவிழா. மலையாளிப் பழங்குடி மக்கள் குடும்பம் குடும்பமாக மலையேறி வந்து, குகைக்குள் இருக்கும் சேர்வராயனையும் காவேரியம்மனையும் கும்பிட்டுப் போவார்கள். ஏற்காட்டுக்கு மேலே, 5,300 அடி உயரத்தில், மரம் அதிகமில்லாத மொட்டை உச்சி அது. அந்த மாதத்தில் இரவு பத்து மணிக்கு அங்கிருந்து அண்ணாந்து பார்த்தால், ஏறக்குறைய உச்சந்தலைக்கு மேலே இளஞ்சிவப்பில் ஒரு விண்மீன் நிற்கும். அதுதான் சுவாதி. தென்கிழக்கே இன்னும் அழுத்தமான சிவப்பில் கேட்டை தெரியும். பனிக்காலத்தில் அதே வானத்தில் ரோகிணியும் திருவாதிரையும் வரும். பஞ்சாங்கத்தின் இருபத்தேழில் எடுப்பாகச் சிவந்தவை இந்த நான்கும்தான். நான்குமே வாழ்வின் பிற்பகுதியில் இருப்பவை. அந்தச் சிவப்பு முதுமையின் அடையாளம்.

சிவப்பு என்றதும் அதிகச் சூடு என்று தோன்றும். விண்மீன்களில் அது தலைகீழ். மிகச் சூடானவை நீலமாகவும் வெள்ளையாகவும் ஒளிரும், குளிர்ந்தவைதான் சிவக்கும். நம் சூரியனின் மேற்பரப்பு சுமார் 5,500 டிகிரி செல்சியஸ், சுவாதியுடையது சுமார் 4,000, திருவாதிரையும் கேட்டையும் அதற்கும் கீழே. சுவாதியின் ஒவ்வொரு சதுர மீட்டரும் சூரியனுடையதில் மூன்றில் ஒரு பங்குக்கும் குறைவான வெளிச்சத்தைத்தான் தருகிறது. ஆனால் அதன் விட்டம் சூரியனைப்போல் 25 மடங்கு, பரப்பளவு 600 மடங்குக்கு மேல். அதனால் மொத்த ஒளி சூரியனைப்போல் 170 மடங்காகிவிடுகிறது. இதில் கவனிக்க வேண்டியது, சுவாதியின் எடை ஏறத்தாழ சூரியனின் எடைதான். சுமார் 500 கோடி ஆண்டுகள் கழித்து நம் சூரியன் என்ன ஆகும் என்பதை இன்றே காட்டிக்கொண்டு அது 37 ஒளியாண்டு தொலைவில் நிற்கிறது.

ஏன் இப்படி ஊதிப்போகிறது? வாழ்நாளின் பெரும்பகுதியில் ஒரு விண்மீன் தன் மையத்தில் ஹைட்ரஜனை ஹீலியமாக மாற்றிக் காலம் தள்ளுகிறது. மையத்தில் ஹைட்ரஜன் தீர்ந்ததும் அங்கே மிஞ்சிய ஹீலியம் தன் எடையாலேயே சுருங்கிச் சூடேறுகிறது. அதைச் சுற்றியுள்ள மெல்லிய அடுக்கில் ஹைட்ரஜன் முன்னைவிட மும்முரமாக எரியத் தொடங்கும். உள்ளே சுருக்கம், வெளியே வீக்கம். வெப்பத்தைக் கடத்திவிட முடியாமல் மேலடுக்கு முழுவதும் உலைநீர் கொதிப்பதுபோல் மேலும் கீழுமாகப் புரளும். விரிந்த பரப்பில் சூடு பரவிவிடுவதால் மேற்பரப்பு குளிர்ந்து சிவக்கிறது. இதுதான் சிவப்புப் பெருமீன். எடை மிகுந்த திருவாதிரையும் கேட்டையும் இதற்கும் மேலே போய், சூரியன் இருக்கும் இடத்தில் வைத்தால் செவ்வாயின் பாதையையே விழுங்கும் அளவுக்குப் பெருத்துவிட்டன.

குளிர்ச்சியால் வரும் இன்னொரு விளைவுதான் எனக்கு எல்லாவற்றிலும் வியப்பு. சூடான விண்மீனில் அணுக்கள் ஒன்றோடொன்று சேர்ந்திருக்க முடியாது. வெப்பம் 3,000 டிகிரியை நெருங்கும்போது மூலக்கூறுகள் பிழைக்கத் தொடங்குகின்றன: டைட்டானியம் ஆக்சைடு, கார்பன் மோனாக்சைடு, நீராவிகூட. ஆம், விண்மீனின் மேல் நீராவி! இந்த மூலக்கூறுகள் ஒளியைப் பட்டை பட்டையாக விழுங்கிவிடுவதால் அதன் நிறமாலை சல்லடையாகக் காட்சி தரும்.

இத்தகைய குளிர்ந்த விண்மீன்களில் ஒன்றைக் கண்டுபிடித்தவர் சென்னையில் இருந்தார். நுங்கம்பாக்கத்தில் 1792-இல் எழுந்த மதராஸ் வானாய்வுக்கூடத்தில் முதல் உதவியாளராக இருந்த சிந்தாமணி ரகுநாதாசாரி, 1867 ஜனவரியில், தென்வானத்தில் ரெட்டிக்குலம் என்னும் சிறு தொகுதியில் ஒரு விண்மீனின் ஒளி மாறுவதைக் கவனித்தார். இன்று அதன் பெயர் ஆர் ரெட்டிக்குலி. லண்டனிலிருந்தோ பாரிசிலிருந்தோ அது எழவே எழாது. சென்னையிலும் தொடுவானத்துக்கு மேல் 14 பாகைக்கு ஏறாது. சேர்வராயன் உச்சியில் 15 பாகை. கையை நீட்டி முஷ்டி மடக்கிப் பிடித்தால் ஒன்றரை முஷ்டி உயரம், அவ்வளவுதான். அடிவானத்துத் தூசிக்கும் ஈரத்துக்கும் நடுவே, கேமரா ஒட்டாத கருவியில், கண்ணாலேயே பார்த்து அந்த மாற்றத்தைப் பிடிப்பதற்கு எத்தகைய பொறுமை வேண்டும்! 1872-இல் லண்டன் ராயல் வானியல் கழகம் அவரை உறுப்பினராக ஏற்றது. அந்தத் தகுதி பெற்ற முதல் இந்தியர் அவர். நம் பாடநூல்களில் அவருக்கு ஒரு பத்தியாவது இருக்க வேண்டும்.

ஆர் ரெட்டிக்குலி ஒன்பது மாதத்துக்கு ஒருமுறை பெருகித் தேய்கிறது. உச்சத்தில் இருக்கும்போது பைனாகுலர் போதும். தேய்ந்தால் நல்ல தொலைநோக்கி இல்லாமல் கண்டுபிடிக்க முடியாது. விண்மீனே மூச்சு விடுவதுபோல் விரிந்து சுருங்குவதுதான் காரணம். ஆனால் கண்ணுக்குத் தெரியும் ஒளி நூறு மடங்கு, ஆயிரம் மடங்கு குறையும்போதும், அது வெளியிடும் மொத்த ஆற்றல் அந்த அளவுக்குக் குறைவதில்லை. சற்றே குளிர்ந்ததும் ஒளியின் பெரும்பங்கு அகச்சிவப்புக்குப் போய்விடுகிறது. கூடவே டைட்டானியம் ஆக்சைடு பெருகி, மிச்சமிருக்கும் ஒளிக்கும் திரை போடுகிறது. இதே குடும்பத்தில் மூத்தது திமிங்கலத் தொகுதியின் மைரா. அதன் பெயரால் இவற்றை மைரா வகை என்பார்கள்.

இந்த முதுமையில் விண்மீன் சும்மா இருப்பதில்லை. 1952-இல் வானியலாளர் பால் மெரில் இத்தகைய சில விண்மீன்களின் நிறமாலையில் டெக்னீசியம் என்ற தனிமத்தைக் கண்டார். டெக்னீசியம் சில பத்து லட்சம் ஆண்டுகளுக்குள் சிதைந்து குறைந்துவிடும். விண்மீனின் வயதோ பல நூறு கோடி ஆண்டுகள். ஆகவே அது பிறவியிலேயே வந்ததாக இருக்க முடியாது. உள்ளே அண்மையில் சமைக்கப்பட்டு, கொதிப்பின் புரளலில் மேலே வந்திருக்க வேண்டும். விண்மீன்கள் தனிமங்களை உண்டாக்குகின்றன என்பதற்குக் கண்கூடான சான்று அன்று கிடைத்தது. இவ்வாறே கார்பனும் மேலே வருகிறது. ஆக்சிஜனைவிடக் கார்பன் மிகுந்துவிட்டால் விண்மீனின் சுற்றுப்புறத்தில் புகைக்கரி படியும். ஆக்சிஜன் மிகுந்தால் மணலுக்கு உறவான சிலிக்கேட் தூசி உருவாகும். ஒளியின் அழுத்தம் அந்தத் தூசியை வெளியே தள்ள, தூசி வாயுவையும் இழுத்துக்கொண்டு போகிறது. சூரியன் போன்ற விண்மீன் இப்படியே தன் மேலடுக்கு முழுவதையும் இழந்து, கடைசியில் பூமி அளவுள்ள வெண்குறுமீனாக மிஞ்சும். நம் உடம்பிலுள்ள கார்பனில் கணிசமான பங்கு இப்படி வீசப்பட்ட பொருள்தான்.

இந்தக் குளிர் விண்மீன்களை அளக்க ஒரு வழி கண்டவரும் நம்மவரே. 1927-இல் சென்னையில் பிறந்த வானியலாளர் வேணு பாப்பு அமெரிக்காவில் ஆலின் வில்சனுடன் சேர்ந்து 185 குளிர் விண்மீன்களின் நிறமாலைகளை ஆராய்ந்தார். கால்சியத்தின் கே கோடு கரும்பட்டையாக இருக்கும். அதன் நடுவே மெல்லிய ஒளிக்கோடு ஒன்று தெரியும். மேற்பரப்புக்கு மேலேயுள்ள சூடான நிறமண்டலத்திலிருந்து வருவது அது. அந்த ஒளிக்கோடு எவ்வளவு அகலமோ, விண்மீனின் உண்மை ஒளியும் அவ்வளவு அதிகம் என்று 1957-இல் இருவரும் காட்டினார்கள். உண்மை ஒளி தெரிந்துவிட்டால், வானில் தெரியும் மங்கலோடு ஒப்பிட்டுத் தொலைவைச் சொல்லிவிடலாம். வில்சன்–பாப்பு விளைவு என்று உலகம் இதை அழைக்கிறது. அது ஏன் அவ்வளவு ஒழுங்காக அமைகிறது என்பதில் விவாதம் இன்னும் ஓயவில்லை.

பாப்பு 1960-இல் கோடைக்கானல் ஆய்வுக்கூடத்துக்குத் தலைவராக வந்தார். இரவு வானத்துக்கு நல்ல இடம் தேடி ஜவ்வாது மலையின் காவலூரைத் தேர்ந்தெடுத்தார். 1968-இல் அங்கே முதல் தொலைநோக்கி நிறுவப்பட்டது. சேர்வராயன் மலையிலிருந்து வடகிழக்கே நேர்க்கோட்டில் நூறு கிலோமீட்டருக்குச் சற்று மேல். அவர் கனவு கண்ட 2.3 மீட்டர் தொலைநோக்கி, 1982-இல் அவர் மறைந்த பிறகு, 1986-இல் அவர் பெயரோடு திறக்கப்பட்டது.

இனி வாசகர் செய்யக்கூடியது. 2019 இறுதியில் திருவாதிரை திடீரென மங்கத் தொடங்கி, 2020 பிப்ரவரியில் வழக்கமான ஒளியில் மூன்றில் ஒரு பங்குக்கு வந்தது. அது கக்கிய வாயு குளிர்ந்து தூசியாகித் திரை போட்டதே முக்கியக் காரணம் என்று பின்னர் கண்டார்கள். அன்று ரோகிணியைவிடத் திருவாதிரை மங்கலாக இருந்தது வெறுங்கண்ணுக்கே தெரிந்தது. கார்த்திகையிலிருந்து மாசி வரை மாதம் ஒருமுறை இரண்டையும் ஒப்பிட்டு, எது பிரகாசம் என்று தேதியோடு ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். 1911-இல் தொடங்கிய அமெரிக்க மாறும் விண்மீன் நோக்கர் சங்கம் உலகின் எந்த ஊரிலிருந்தும் இத்தகைய வெறுங்கண் பதிவுகளை ஏற்றுக்கொள்கிறது.