எலுமிச்சையில் ஊறிய கோழி இறக்கை: ஹலால் கடையோடு பேணுதல் முடிந்துவிடுகிறதா?

"வாப்பா, விங்ஸ் ஆர்டர் போடலாமா?" என்று பிள்ளைகள் கேட்காத வீடு இப்போது குறைவு. கடையின் பெயருக்குப் பக்கத்தில் ஹலால் என்று எழுதியிருக்கிறதா என்று பார்க்கிறோம். இருந்தால் சம்மதம் சொல்லிவிடுகிறோம். கோழி எப்படி அறுக்கப்பட்டது என்ற அக்கறை நம் சமுதாயத்தில் அல்ஹம்துலில்லாஹ் நன்றாகவே இருக்கிறது. ஆனால் அந்தக் கோழி எதில் ஊறியது என்று நாம் கேட்பதில்லை.

கோழி இறக்கையைப் புளிப்பில் ஊறவைத்துச் சுடுவது பல நாடுகளில் பரவியிருக்கும் சமையல் முறை. எலுமிச்சை, ஆரஞ்சு போன்ற கனிகளின் சாறுதான் அதற்கு அடிப்படை. ஆனால் மேலை நாட்டுச் சமையல் குறிப்புகளில் இந்தச் சாறோடு பீர், வெள்ளை ஒயின், ஆரஞ்சு மணமூட்டிய மதுபானம் ஆகியவையும் சேர்கின்றன. 'டெக்கிலா லைம் விங்ஸ்' என்ற பெயரிலேயே டெக்கிலா என்னும் மது இருக்கிறது. ஜப்பானியப் பாணிச் சமையலில் ஊற்றும் அசல் மிரினில் சுமார் 14 சதவீதம் ஆல்கஹால் உண்டு. நம் ஊர்க் கடைகளில் இவற்றைப் பெரும்பாலும் சேர்ப்பதில்லை என்பது உண்மை. ஆனால் காணொளி பார்த்து வீட்டில் சமைக்கும் பிள்ளைகளும், படிப்புக்கும் வேலைக்கும் வெளிநாடு போயிருக்கும் பிள்ளைகளும் இவற்றைத் தினமும் சந்திக்கிறார்கள்.

"அடுப்பில் வைத்தால் ஆவியாகிப் போய்விடுமே" என்று சிலர் சமாதானம் சொல்வதுண்டு. அமெரிக்க வேளாண்மைத் துறையின் அட்டவணைப்படி, உணவில் கலந்து 15 நிமிடம் கொதித்த பின்னும் ஊற்றிய ஆல்கஹாலில் சுமார் 40 சதவீதம் மிஞ்சுகிறது. ஒரு மணி நேரம் கொதித்தாலும் கால் பங்கு இருக்கிறது. முழுவதும் ஆவியாகிவிடும் என்று வைத்துக்கொண்டாலும் சட்டம் மாறாது. நான்கு மத்ஹபுகளிலும் மது நஜீஸ் என்பதே அறியப்பட்ட நிலைப்பாடு. பிஸ்மில்லாஹ் சொல்லி அறுத்த கோழியின் மீது அதை ஊற்றிவிட்டு, ஹலால் கோழி என்று சொல்வதில் பொருளில்லை.

வினிகர் விஷயத்தில் இந்த அச்சம் தேவையில்லை. நபி (ஸல்) அவர்கள் வீட்டில் தொட்டுக்கொள்ள என்ன இருக்கிறது என்று கேட்டு, வினிகர் மட்டுமே இருந்தபோது அதையே தொட்டுச் சாப்பிட்டுப் புகழ்ந்ததாக முஸ்லிமில் ஹதீஸ் இருக்கிறது. மது தானாகவே வினிகராக மாறிவிட்டால் அது ஆகுமானது என்பதில் இமாம்கள் ஒன்றுபடுகிறார்கள். எதையாவது சேர்த்து வேண்டுமென்றே மாற்றினால் ஷாஃபிஈ மத்ஹபில் ஆகாது, ஹனஃபி மத்ஹபில் ஆகும். நம் மளிகைக் கடைகளில் 'சிந்தெடிக் வினிகர்' என்று அச்சிட்டு விற்பது அசிட்டிக் அமிலத்தை நீர்க்கச் செய்தது. அது இந்தப் பேச்சுக்குள்ளேயே வராது. சோயா சாஸ் புளிக்கும்போது தானாக உண்டாகும் சிறிதளவு ஆல்கஹாலையும், பாட்டிலைத் திறந்து ஊற்றிய மதுவையும் ஒரே தட்டில் வைத்துப் பேசுவது சரியில்லை என்பது நம் கருத்து. பேணுதல் வேறு, வஸ்வாஸ் வேறு.

இந்த எல்லைக்கு நமக்கு வழிகாட்ட அபூ மூஸா அல்அஷ்அரி (ரலி) அவர்களின் ஒரு நிகழ்ச்சி இருக்கிறது. அவர்களின் சஹனில் கோழிக்கறி வந்தபோது அங்கிருந்த ஒருவர் விலகி அமர்ந்தார். கோழி அசுத்தம் தின்பதைப் பார்த்ததால் இனி சாப்பிடுவதில்லை என்று சத்தியம் செய்திருந்தார் அவர். நபி (ஸல்) அவர்கள் கோழிக்கறி சாப்பிட்டதைத் தாம் கண்டதாகச் சொல்லி அவரை உணவுக்கு அழைத்தார்கள் அபூ மூஸா (ரலி). அதே வேளையில், அசுத்தம் தின்ற கோழியை மூன்று நாள் அடைத்துவைத்து நல்ல தீனி கொடுக்கும் வழக்கம் இப்னு உமர் (ரலி) அவர்களிடம் இருந்தது. ஆகுமானதை வெறுத்து ஒதுக்கவும் இல்லை, தூய்மையை விட்டுவிடவும் இல்லை. குர்ஆன் ஓதும் முஃமினை மணமும் சுவையும் உள்ள உத்ருஜ்ஜா கனிக்கு ஒப்பிட்ட ஹதீஸையும் அறிவித்தவர்கள் இதே அபூ மூஸா (ரலி) தான். உத்ருஜ்ஜா என்பது நாரத்தை, எலுமிச்சையின் குடும்பத்தைச் சேர்ந்த கனி. ஒரே ஸஹாபியின் வழியாகக் கோழியும் எலுமிச்சை இனமும் நமக்கு வந்து சேர்ந்திருப்பது ஒரு இனிய பொருத்தம்.

கடையிலிருந்து அடுப்பு வரை

நம் ஊர்க் கடைகளில் பெரும்பாலும் தோலை உரித்துத்தான் தருகிறார்கள். இறக்கை மொறுமொறுப்பாக வேண்டுமென்றால் தோல் வேண்டும். அதற்குக் கோழியை வெந்நீரில் முக்கி இறகைப் பிடுங்குவார்கள். இங்கே இரண்டைக் கவனிக்க வேண்டும். ஒன்று, உயிர் முழுவதும் அடங்கிய பிறகே வெந்நீரில் போட வேண்டும். இரண்டு, குடலை எடுக்காமலே கொதிக்கிற நீரில் நெடுநேரம் போட்டால் அசுத்தம் இறைச்சிக்குள் ஊறிவிடும் என்று ஹனஃபி ஃபிக்ஹ் நூல்கள் எச்சரிக்கின்றன. கடைகளில் பயன்படுத்தும் நீர் பொதுவாக 60 டிகிரியை ஒட்டிய சூட்டில்தான் இருக்கும், கோழியும் ஓரிரு நிமிடத்தில் வெளியே வந்துவிடும். அப்படியானால் நன்றாகக் கழுவினால் போதும். தெரிந்த கடைக்காரரிடம் ஒருமுறை கேட்டுக்கொள்வதில் தவறில்லை, தினமும் விசாரணை நடத்தத் தேவையில்லை.

இறைச்சியில் ஒட்டியிருக்கும் இரத்தம் குறித்து நம் பெண்களுக்குப் பெரிய கவலை. ஏழெட்டுத் தண்ணீர் மாற்றிக் கழுவுகிறார்கள். குர்ஆன் 6:145-இல் தடுக்கப்பட்டது பீறிட்டு வழியும் இரத்தம். அறுத்து வடிந்த பின் சதையிலும் எலும்பிலும் தங்கியிருப்பது மன்னிக்கப்பட்டது. குழாயை வேகமாகத் திறந்து கழுவினால் பச்சைக் கோழியிலுள்ள கிருமிகள் பாத்திரங்கள் மீதும் மேடை மீதும் தெறிக்கும். ஆகவே ஒரு பாத்திரத்தில் நீர் நிறைத்து மெதுவாக அலசி, தொட்டியையும் கையையும் சோப்புப் போட்டுக் கழுவிவிட வேண்டும்.

இறக்கையில் மூன்று பகுதி உண்டு. சிறிய கால் போன்ற மேல் துண்டு, இரட்டை எலும்புள்ள நடுத்துண்டு, சதையில்லாத நுனி. மூட்டுகளில் வெட்டினால் எளிதாகப் பிரியும். நுனிகளை எறிந்துவிடாமல் ஆணத்துக்கோ சூப்புக்கோ எடுத்துவைக்கலாம்.

ஒரு கிலோ இறக்கைக்கு இரண்டு எலுமிச்சம்பழச் சாறு, ஒரு மேசைக்கரண்டி இஞ்சிப் பூண்டு விழுது, இரண்டு தேக்கரண்டி காஷ்மீரி மிளகாய்த்தூள், ஒரு தேக்கரண்டி மிளகுத்தூள், அரைத் தேக்கரண்டி மஞ்சள்தூள், ஒன்றரைத் தேக்கரண்டி உப்பு, இரண்டு மேசைக்கரண்டி எண்ணெய் போதும். எலுமிச்சைத் தோலின் மஞ்சள் பகுதியை மட்டும் லேசாகத் துருவிச் சேருங்கள். கனியின் மணம் சாற்றைவிட அந்தத் தோலின் எண்ணெயில்தான் அதிகம். அடியிலுள்ள வெள்ளைப் பகுதி கசக்கும். எலுமிச்சை இருக்கும்போது சாத்துக்குடி வேண்டாம். புளிப்பும் குறைவு, அதன் சாறு பிழிந்து வைத்த சிறிது நேரத்தில் கசக்கவும் தொடங்கும்.

பலரும் இரவே ஊறவைத்துவிடுகிறார்கள். தயிரில் என்றால் சரி. எலுமிச்சையின் புளிப்பு கடுமையானது, சதையின் மேற்பரப்பிலுள்ள புரதத்தை உருக்குலைக்கும். ஒரு மணி நேரத்திலிருந்து இரண்டு மணி நேரம் வரை வைத்தால் சதை மிருதுவாகும். அதற்கு மேல் போனால் மேற்புறம் மாவு போல் குழைந்து, உள்ளே சதை வறண்டுவிடும். கண்ணாடி, பீங்கான் அல்லது எவர்சில்வர் பாத்திரத்தில் வையுங்கள். அலுமினியத்தில் புளிப்பு பட்டால் உலோக வாடை வரும்.

எலுமிச்சை பிழிந்ததும் சதை வெளுப்பதைப் பார்த்து, பாதி வெந்துவிட்டது, கிருமியும் செத்துவிட்டது என்று நினைப்பவர்கள் உண்டு. அப்படி இல்லை. நிறம்தான் மாறுகிறது, சால்மோனெல்லா போன்ற கிருமிகளை அந்தப் புளிப்பு நம்பத்தகுந்த அளவில் அழிப்பதில்லை. எனவே ஊறும் நேரம் முழுவதும் குளிர்சாதனப் பெட்டிக்குள் இருக்க வேண்டும். நோன்பு நாளில் அஸருக்கு முன் பிசைந்து, இஃப்தாருக்குச் சுடலாம் என்று அடுப்பு மேடையிலேயே விட்டுவிடுவது நம் வெயிலுக்கு ஆபத்து. சிறு பிள்ளைகளும் முதியவர்களும் உள்ள வீட்டில் இன்னும் ஆபத்து. உடலுக்குக் கேடு தருவதைத் தய்யிப் என்று சொல்ல முடியாது. ஹலாலையும் தய்யிபையும் 2:168 ஒரே மூச்சில் சொல்கிறது.

சுடுவதற்கு முன் ஊறிய சாற்றை வடித்துவிட்டுத் துண்டுகளைத் துடைத்துக்கொள்ளுங்கள். ஈரம் இருந்தால் அது வேகுமே தவிர சிவக்காது. ஓவன் இருந்தால் 200 டிகிரியில் கம்பித் தட்டில் வைத்து 40 முதல் 45 நிமிடம், நடுவில் ஒருமுறை திருப்ப வேண்டும். இல்லாதவர்கள் கவலைப்பட வேண்டாம். கனமான இரும்புச் சட்டியில் சிறிது எண்ணெய் விட்டு, தோல் பக்கம் கீழே வைத்து, மிதமான தீயில் மூடி 10 நிமிடம், திருப்பி மூடாமல் 15 நிமிடத்துக்குக் குறையாமல் வைத்தால் அருமையாக வரும். எலும்பை ஒட்டிய சதையில் சிவப்பு நீர் வந்தால் இன்னும் வேக வேண்டும். வெப்பமானி வைத்திருப்பவர்களுக்கு உள்சூடு 74 டிகிரி என்பது கணக்கு.

பளபளப்பான பூச்சு வேண்டுமென்று கேட்கும் பிள்ளைகளுக்கு, அரைக் கப் ஆரஞ்சுச் சாற்றை ஒரு மேசைக்கரண்டி தேனோடு கெட்டியாகும் வரை காய்ச்சி, கடைசி ஐந்து நிமிடத்தில் தடவிவிடலாம். முதலிலேயே தடவினால் தேன் கருகும். கடைகளில் மதுவும் பாட்டில் சாஸும் கொடுக்கும் ருசியை இது தாராளமாகக் கொடுத்துவிடும். ஊறவைத்து வடித்த சாற்றை மட்டும் பச்சையாக மேலே ஊற்றிவிடாதீர்கள். பச்சைக் கோழி கிடந்த நீர் அது.

இதையெல்லாம் உம்மாவின் தலையில் கட்டிவிட வேண்டும் என்று எந்த நூலிலும் இல்லை. நபி (ஸல்) அவர்கள் வீட்டாருக்கு வேலைகளில் உதவுவார்கள் என்று ஆயிஷா (ரலி) அறிவித்திருப்பது புகாரியில் பதிவாகியிருக்கிறது. இறக்கை வெட்டுவதும் எலுமிச்சை பிழிவதும் வாப்பாவும் பிள்ளைகளும் செய்யக்கூடிய வேலைதான். அது ஹராம், இது கூடாது என்று மட்டும் கேட்டு வளரும் பிள்ளை ஒரு நாள் கேட்பதை நிறுத்திவிட்டு வெளியே போய்ச் சாப்பிடும். தன் கையால் பிசைந்த பிள்ளைக்கோ, அடுத்த முறை கடைக்குப் போனால் இதில் என்ன ஊற்றுவீர்கள் என்று கேட்கத் தெரிந்திருக்கும்.

சுட்டதைச் சூடாகவே ஒரு சஹனில் கொட்டி, மேலே எலுமிச்சைத் துண்டுகளை வைத்து, சுற்றி அமர்ந்து சாப்பிடுங்கள். இது கையால் எடுத்துக் கடித்து, விரலைச் சூப்பிச் சாப்பிட வேண்டிய உணவு. முள்கரண்டிக்கு இங்கே வேலை இல்லை. வாசனை பக்கத்து வீட்டுக்கும் போயிருக்கும், நாலு துண்டை எடுத்துவைத்துவிட்டு உட்காருங்கள்.