பரங்கிமலை மாதா கோயில்
பரங்கிமலை மாதா கோயில் என்பது தென்சென்னைப் புறநகரில், பரங்கிமலை உச்சியில் போர்த்துக்கேயர் 1523 இல் நிறுவிய கத்தோலிக்கத் தேவாலயம் ஆகும். இத்தாலிய மறுமலர்ச்சி ஓவியர் ரபேல் இறந்து அப்போது மூன்றாண்டுகளே ஆகியிருந்தன.

எனினும் இங்கு முதலில் காணவேண்டியது அதனினும் பழையது. பீடத்தில் பதிக்கப்பட்டுள்ள கற்சிலுவை 1547 இல் அகழ்ந்தபோது கிடைத்தது. அதிலுள்ள பகலவி மொழி எழுத்துக்கள், பாரசீகத் தொடர்புடைய கிறித்தவர்கள் போர்த்துக்கேயருக்குப் பல நூற்றாண்டுகள் முன்னரே இப்பகுதியில் இருந்தமைக்குச் சான்றாகும். இங்குள்ள மாதா ஓவியத்தைப் புனித லூக்கா வரைந்தார் என்பதோ மரபுச் செய்தி மட்டுமே. மலைப்படிகளை ஆர்மீனிய வணிகர் பெட்ரஸ் உஸ்கான் அமைத்தார்.

தாம்பரத்திலிருந்து புறநகர்த் தொடர்வண்டியில் வருவோர், வழியில் பல்லாவரத்தில் இறங்கி முதலாம் மகேந்திரவர்மனின் குடைவரையையும் காணலாம். அது பிற்காலத்தில் தர்காவாயிற்று. பரங்கிமலையில் வெயிலேறுமுன் படியேறுவது நலம்.