வழக்குரையைத் திருத்தலாம், காலந்தாழ்த்தலாகாது

கடனுக்கு ஈடாக எங்களிடம் வரும் சொத்துகளுள் சில வழக்கில் சிக்கியிருப்பதுண்டு. அவற்றில் காணப்படும் குறை ஒன்று: மனை பிறர் கைக்குப் போன பின்னரும், உரிமை விளம்புகையை மட்டும் கோரி, சுவாதீனத்தை மீட்டுத் தருமாறு கேளாமல் விடுவது. 1963ஆம் ஆண்டின் குறித்தவகைத் துயர்துடைப்புச் சட்டம், பிரிவு 34-இன்படி, கேட்கக்கூடிய மேற்பரிகாரத்தைக் கேளாதவருக்கு விளம்புகையும் கிடைக்காது.

இக்குறையைக் களைய உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்தின் கட்டளை 6, விதி 17 வழி செய்கிறது. பிணக்கின் மெய்ப்பொருளைத் தீர்க்கத் தேவையான திருத்தத்தை நீதிமன்றம் அனுமதிக்கும். ஆயினும் 2002ஆம் ஆண்டுத் திருத்தத்திற்குப் பின், விசாரணை தொடங்கிவிட்டால், உரிய கவனம் செலுத்தியும் அதனை முன்னரே எழுப்ப இயலவில்லை என்று மனுதாரர் நீதிமன்றத்தை ஏற்கச் செய்தல் வேண்டும்.

காலவரையறையும் கருதத்தக்கது. உரிமையின் அடிப்படையில் சுவாதீனம் கோருவதற்கு, எதிர்தரப்பின் அனுபவம் உரிமையாளருக்கு எதிரிடையாக மாறிய நாள் முதல் 12 ஆண்டுகளே உண்டு. திருத்தத்திற்கு அனுமதி கிடைத்தபின், ஆணையில் காலம் குறிக்கப்படாவிடில், 14 நாள்களுக்குள் வழக்குரையைத் திருத்திவிட வேண்டும்.

ஆகவே, வழக்குத் தொடுக்குமுன் மனையை நேரில் பார்வையிட்டு, அது யார் வசம் உள்ளது என்பதை வழக்கறிஞரிடம் தெளிவாகக் கூறுமாறு வாடிக்கையாளர்களை வேண்டுகிறோம்.