சூப்பர் டீலக்ஸ்: இயக்கமுறையும் உணர்வு யதார்த்தமும்

சூப்பர் டீலக்ஸ், தியாகராஜன் குமாரராஜா இயக்கத்தில் 2019 மார்ச் 29 அன்று வெளிவந்த தமிழ்த் திரைப்படம். வயது வந்தோருக்கு மட்டுமான 'ஏ' சான்றிதழ் பெற்றது. 176 நிமிடங்கள் ஓடக்கூடியது. முதலில் 'அநீதிக் கதைகள்' என்று பெயரிடப்பட்டிருந்தது.

பின்னணி

தமிழில் 'ஏ' சான்றிதழ் பெற்ற முதல் படம் மர்மயோகி (1951). அதில் வரும் பேய்க் காட்சிகளுக்காக அச்சான்றிதழ் வழங்கப்பட்டது. பின்னாளில் 'ஏ' படம் என்றாலே ஆபாசப் படம் என்ற எண்ணம் பரவியது. இப்படம் அந்த எண்ணத்தையே கதைப் பொருளாக்கியது.

லீலாவின் கதை

பதின்வயதுச் சிறுவர்கள் சிலர் ரகசியமாக ஆபாசப் படம் பார்க்கின்றனர். திரையில் தோன்றும் நடிகை லீலா (ரம்யா கிருஷ்ணன்) தன் தாய் என்பதை ஒருவன் கண்டுகொள்கிறான். அவளைக் கொல்லத் திருப்புளியுடன் ஓடுகிறான். தடுக்கி விழுந்து தானே காயமடைகிறான். மகனின் சிகிச்சைக்குப் பணம் தேடி அலைகிறாள் தாய். இயக்குநர் அந்த ஆபாசப் படத்தைக் காட்சிப்பொருளாக்காமல், அது குடும்பத்துக்குள் ஏற்படுத்தும் விளைவையே பின்தொடர்கிறார். பார்த்தவர்களை விட்டுவிட்டு நடித்தவளை மட்டும் ஏன் பழிக்க வேண்டும் என்ற கேள்வி தாய்க்கும் மகனுக்கும் இடையே எழுகிறது.

இயக்கமுறை

கதையில் வேற்றுகிரகவாசியும் வருகிறார். நிகழ்வுகள் நம்பத்தக்கவை அல்ல. ஆனால் அவற்றுக்கு மனிதர்கள் காட்டும் எதிர்வினை நம்பும்படி இருக்கிறது. திருநங்கையாக வீடு திரும்பும் தந்தை ஷில்பாவை (விஜய் சேதுபதி) உறவினர்கள் திகைப்புடன் பார்க்க, மகன் ராசுக்குட்டி தயக்கமின்றி ஏற்றுக்கொள்கிறான். படத்தில் தனிப் பாடல்கள் இல்லை. பழைய திரைப்பாடல்கள் பின்னணியில் ஒலிக்கின்றன. ஒரு காட்சிக்காக 37 முறை நடிக்க நேர்ந்ததாக ரம்யா கிருஷ்ணன் கூறியுள்ளார்.

வரவேற்பும் விமர்சனமும்

விஜய் சேதுபதி 67ஆவது தேசிய திரைப்பட விருதுகளில் சிறந்த துணை நடிகர் விருதைப் பெற்றார். அதேவேளை, ஷில்பா பாத்திரத்தைக் குழந்தைக் கடத்தலுடன் தொடர்புபடுத்தியதைத் திருநர் செயற்பாட்டாளர்கள் கண்டித்தனர். லீலாவின் மீதான பழியைக் கேள்விக்குள்ளாக்கிய படம், திருநர் மீதான பழைய பழியொன்றை அப்படியே திரும்பச் சொன்னது அதன் குறையாக நிற்கிறது.