தெரியுமா? அரியலூர் மண்ணில் அன்றே ஒரு சூப்பர் ஸ்டார்!

ஒவ்வொரு யூடியூப் வீடியோவும் ஒரே அறிமுகத்தோடு தொடங்குகிறதே, அந்த வித்தையில் கரைகண்டவர் ஒருவர் 1000 ஆண்டுகளுக்கு முன் நம் அரியலூர் மாவட்டத்தில் அமர்ந்து ஆண்டார், தெரியுமா? கங்கைகொண்ட சோழபுரத்து ராஜேந்திர சோழன்தான் அவர்!

மன்னன் புகழைச் சொல்லும் மெய்க்கீர்த்தியோடு கல்வெட்டைத் தொடங்கும் வழக்கத்தை நிலைநிறுத்தியவர் அவருடைய தந்தை ராஜராஜன். மகன் அதை எங்கே கொண்டுபோய் நிறுத்தினார், பாருங்கள்! கோயிலில் விளக்கு எரிக்க யாரோ 96 ஆடு கொடுக்கிறார். கல்லில் முதலில் வருவது ஆடும் இல்லை, கொடுத்தவர் பெயரும் இல்லை. ராஜேந்திரன் வென்ற நாடுகளின் பட்டியல்! ஆரம்பத்தில் இடைதுறைநாடு, வனவாசி, கொள்ளிப்பாக்கை, மண்ணைக்கடக்கம். அப்புறம் ஈழம் சேர்கிறது, அப்புறம் கங்கை, கடைசியில் கடல் தாண்டிக் கடாரம், அதாவது இன்றைய மலேசியாவின் கெடா! ஆட்சியாண்டு சிதைந்துபோன கல்வெட்டா? கவலையே இல்லை. பட்டியல் எதுவரை வந்திருக்கிறது என்று பார்த்தே ஆய்வாளர்கள் காலத்தைக் கணித்துவிடுகிறார்கள்!

பட்டப்பெயர்களைக் கேளுங்கள்: முடிகொண்டான், கங்கைகொண்டான், கடாரம்கொண்டான், பண்டிதசோழன். தலைநகருக்கே பட்டப்பெயர்தான். கங்கை நீர் கொண்டு அவர் அமைத்த சோழகங்கம் ஏரியை, நீரிலேயே எழுப்பிய வெற்றித்தூணாகத் திருவாலங்காட்டுச் செப்பேடு கொண்டாடுகிறது. இன்று அது பொன்னேரி. கங்கைகொண்ட சோழபுரத்துக் கோயிலில் சிவனடியார் சண்டேசரின் சிற்பத்தை அவசியம் பாருங்கள். சிவபெருமான் தன் கையாலேயே அவர் தலையில் மாலையைச் சுற்றிவிடுகிறார். பணிந்து கைகூப்பியிருக்கும் அந்த முகம் ராஜேந்திரனுடையதே என்பவர்கள் உண்டு. எனக்கும் அப்படித்தான் தோன்றுகிறது.

சரி, இன்றைக்கு அந்த வித்தையில் கரைகண்டவர்கள் யார்? புதுக்கோட்டை மாவட்டம் சின்ன வீரமங்கலத்துக்கு வாருங்கள்! 2018-ல் பெரியதம்பி தாத்தாவும் பேரன்மாரும் வயல்வெளியில் அடுப்பு மூட்டித் தொடங்கியது ‘வில்லேஜ் குக்கிங் சேனல்’. இவர்களிடமும் ஒரு பட்டியல் உண்டு! ஒவ்வொரு பொருளையும் கேமராவுக்கு நேரே நீட்டி, அடிவயிற்றிலிருந்து அதன் பெயரைச் சொல்லிவிட்டுத்தான் சட்டியில் போடுவார்கள். வெங்காயம்! மஞ்சள் தூள்! கூச்சம் மருந்துக்கும் கிடையாது. எல்லாரையும் வாங்க என்று கூப்பிடும் அந்தக் குரல் எந்த வீடியோவிலும் ஒரு இம்மி குறைந்ததில்லை. வெளிநாட்டு ஸ்டுடியோ பாணியில் பேச முயன்றிருந்தால் இந்தக் கூட்டம் சேர்ந்திருக்காது என்பது என் உறுதியான எண்ணம்.

பலன்? 2021 ஜனவரியில் ராகுல் காந்தியே வந்து அவர்களோடு பாயில் உட்கார்ந்து காளான் பிரியாணி சாப்பிட்டார். அதே ஆண்டு ஜூலையில் 1 கோடி சந்தாதாரர்கள்! தமிழில் அந்த எண்ணிக்கையைத் தொட்ட முதல் யூடியூப் சேனல் இதுதான். உடனே முதலமைச்சரின் பொது நிவாரண நிதிக்கு 10 லட்சம் ரூபாய் கொடுத்தார்கள். 2022-ல் கமல்ஹாசனின் ‘விக்ரம்’ படத்திலும் அவர்கள் தலைகாட்டினார்கள். பிறகு 2 கோடியையும் தாண்டியாயிற்று, தாத்தாவின் வேட்டியும் துண்டும் மட்டும் மாறவே இல்லை!